வடலிக்குப் பின்னால் நிற்கும் பூதம்: கைக்காசில் பூதப் படம் எடுப்பது எப்படி?

1953 இல் அமெரிக்காவில் வந்த 'ரோபோ மொன்ஸ்டர்' படத்தின் பூதம், கொரில்லா உடைக்கு மேல் தலைக்கவசம் போட்ட ஒரு ஆள். பார்த்த கணமே தெரிந்துவிடும். ஆனாலும் படத்தில் வருபவர்கள் சிரிப்பதில்லை, உயிருக்குப் பயந்து ஓடுகிறார்கள். 1933 இன் 'கிங் கொங்' குரங்கின் உரோமம் காற்றில்லாமலே சிலிர்க்கும். பொம்மையைச் சட்டகம் சட்டகமாக (பிரேம் பிரேமாக) அசைத்தவர்களின் விரல் பட்ட தடம் அது. மலிவான பூதப் படங்களை ஒளித்து ஒளித்தாவது பார்க்க வைப்பது இந்தக் கைவேலைதான். ஆகவே வேண்டுமென்றே மோசமாக எடுக்காதீர்கள். பகிடிக்கு எடுத்த பூதம் ஐந்து நிமிடத்தில் சலித்துப்போகும். இருக்கிற சாமானில் முடிந்தவரை வடிவாகச் செய்யுங்கள். மிஞ்சுகிற குறையை ரசிகர் விரும்புவார்.

முழு உடை தேவையில்லை. தலை, தோள், இரண்டு கை போதும்.

தலைக்கு அடித்தளம், கட்டட வேலையாட்கள் போடும் பிளாஸ்ரிக் தொப்பி. நாடிப் பட்டி உள்ளதாக வாங்குங்கள். மோட்டார் சைக்கிள் ஹெல்மெற் பாரம் கூட, கழுத்து நோகும். தொப்பிக்கு மேல் ஒரு அங்குலத் தடிப்பு மெத்தை ஸ்பொஞ்சை வெட்டி, சப்பாத்துத் தைப்பவர்கள் பாவிக்கும் மஞ்சள் பசையால் ஒட்டுங்கள். இரண்டு பக்கமும் மெல்லியதாகப் பூசி, விரலில் ஒட்டாத பதம் வரும்வரை 10 முதல் 15 நிமிடம் காயவிட்டு அழுத்த வேண்டும். ஈரத்தோடு அழுத்தினால் வெய்யிலில் பிரிந்து வரும். இந்தப் பசையை ரெஜிபோமில் (தெர்மோகோலில்) பூசாதீர்கள், கரைத்துவிடும். வேலையை வெளி விறாந்தையில் வைத்துக்கொள்ளுங்கள்.

தோலுக்குத் தென்னம் பன்னாடையை விடச் சிறந்த சாமான் கடையில் கிடைக்காது. நார் பின்னல் அப்படியே சுருங்கிய தோல்போல இருக்கும். காய்ந்த பன்னாடை ஒடியும், அதனால் அரை மணி நேரம் தண்ணீரில் ஊறவைத்து, வளைத்து ஒட்டி, நன்றாகக் காயவிடுங்கள். பிறகு இறப்பர் பாலை மெல்லியதாக நான்கு பூச்சு பூசுங்கள். தலைக்கும் கைகளுக்கும் ஒரு லீற்றர் அளவு பிடிக்கும். வெள்ளை நிறம் மாறி மஞ்சள் கண்ணாடிபோல வந்த பிறகே அடுத்த பூச்சு. தடிப்பாகப் பூசினால் மேலே ஆடை கட்டி உள்ளே ஈரம் நிற்கும், பிறகு முழுதாக உரியும். சாயத் தூளை இறப்பர் பாலிலேயே கலவுங்கள். காய்ந்ததும் நிறம் கறுக்கும் என்பதால் இரண்டு படி வெளிறலாகக் கலக்க வேண்டும். எனாமல் பெயின்ற் வெடித்து உதிரும். பளபளப்புக்குத் தேங்காய் எண்ணெய் தடவுவது பெரும் பிழை. இறப்பர் ஊதிப் பிசுபிசுக்கும். கிளிசரின் தடவுங்கள்.

கண் செத்துப்போனால் பூதமும் செத்துப்போகும். பாதியாக வெட்டிய மேசைப்பந்தில் கருவிழி வரைந்து, தெளிவான வார்னிஷ் மூன்று பூச்சு கொடுங்கள். கமராவுக்குப் பக்கத்தில் ஒரு ரோச் லைற்றைப் பிடித்தால் விழியில் ஒரு ஒளிப்புள்ளி விழும். அந்தப் புள்ளி இல்லாத காட்சியை வெட்டி எறியலாம். நடிப்பவர் பார்ப்பதற்கான ஓட்டை பூதத்தின் வாய்க்குள் இருக்கட்டும், கறுப்பு நெற் துணியால் மறைத்துவிடுங்கள்.

இனி, ஆறடி ஆளை அறுபதடி ஆக்குவது. இதற்கு யாழ்ப்பாணத்தில் காசில்லாத வழி உண்டு: வடலி. அடிமரம் எழும்பாத இளம் பனையின் ஓலை, வளர்ந்த பனையின் ஓலையைப் போலவே பெரிதாக விரியும். வடலிக் கூட்டத்துக்கு முன்னால் சிறு மண்மேடு போட்டு, போனை நிலத்தோடு வைத்து, ஓலைத் தலைகள் மட்டும் தெரியும்படி சட்டகம் பிடியுங்கள். பார்ப்பவர் மனம் கீழே நெடும் பனை நிற்பதாகவே எடுத்துக்கொள்ளும். பின்னால் மேசையில் ஏறி நிற்கும் பூதத்தின் தலை ஓலைக்கு மேலால் எழும்பினால் போதும். அந்தச் சட்டகத்தில் வேலித் தகரமோ மின்கம்பமோ ஆடோ வந்தால் எல்லாம் கெட்டது.

நடையில் பாரம் வேண்டும். 1954 இன் 'கொட்சிலா'வுக்குச் செய்த முதல் உடை ஏறக்குறைய 100 கிலோ. உள்ளே இருந்தவர் சில மீற்றர் நடக்கவே பெரும்பாடு பட்டார். நீங்கள் உடையை 5 கிலோவுக்குள் வைத்துக்கொண்டு, வினாடிக்கு 48 அல்லது 60 சட்டகத்தில் எடுத்து 24 இல் ஓடவிடுங்கள், அசைவு மெதுவாகிப் பாரமாகத் தெரியும். சிறு மாதிரி வீடுகளை உடைக்கும் காட்சிக்குக் கணக்கு உண்டு: எத்தனை மடங்கு சிறிதோ அதன் வர்க்கமூலத்தால் சட்டக வேகத்தைப் பெருக்க வேண்டும். 25 இல் ஒரு பங்கு அளவில் செய்த வீடென்றால் 5 மடங்கு, அதாவது 120. அந்த அளவில் மனிதக் கண்மட்டம் நிலத்திலிருந்து 6 சென்ரிமீற்றர்தான். போனைத் தலைகீழாகப் பிடித்து எடுத்து, பிறகு எடிற்றிங்கில் திருப்புங்கள். தூசிக்கு அரித்த சாம்பல் போதும்; சீமெந்து கண்ணையும் நெஞ்சையும் கெடுக்கும். தண்ணீர்க் காட்சியைத் தவிருங்கள், துளியைச் சிறிதாக்க ஒருவராலும் முடியாது. இங்கே மின்சாரம் 50 ஹேர்ட்ஸ் என்பதால் 120 இல் எடுக்கும்போது வீட்டு லைற்றுகள் பல துடிக்கும். வெய்யிலில் எடுங்கள். சோளகம் பலமாக வீசும் மாதங்களில் மாதிரி வீடுகள் காற்றில் நடுங்கி அளவைக் காட்டிக்கொடுக்கும், அப்போது காலையில் காற்று எழும்ப முன்னம் முடிக்க வேண்டும்.

சத்தம் பாதிப் படம். கொட்சிலாவின் உறுமலை இசையமைப்பாளர் அகிரா இபுகுபே தளர்த்திய டபிள் பேஸ் நரம்பில் பிசின் பூசிய தோல் கையுறையை இழுத்து எடுத்தார். உங்களுக்கு வெறும் பால்மா ரின் போதும்: அடியில் ஓட்டை போட்டு, தடித்த தங்கூசி (நைலோன் மீன்பிடி நூல்) கோத்து முடிந்து, குங்கிலியத் தூள் தடவிய துணியால் இறுக்கி இழுங்கள். பதிவைப் பாதி வேகத்தில் ஓடவிட்டால் சுருதி ஒரு ஸ்தாயி (ஒக்டேவ்) இறங்கும். பல செயலிகள் வேகத்தை மாற்றினாலும் சுருதியைக் காப்பாற்றிவிடும். அந்தத் தெரிவை முதலில் நிறுத்துங்கள், இல்லாவிட்டால் உறுமல் வராது.

உடைக்குள் ஒருவர் தொடர்ந்து 10 நிமிடத்துக்கு மேல் நிற்கக் கூடாது. தீப்பந்தக் காட்சியில் பூதத்தையும் நெருப்பையும் தனித்தனியே எடுங்கள். ஸ்பொஞ்சும் பசையும் கணத்தில் பற்றும். இரவில் எடுப்பதானால் அயலாருக்கும் கிராம சேவகருக்கும் பொலிசுக்கும் முன்கூட்டியே சொல்லுங்கள். உடம்பில் கிறீஸ் பூசிய மர்ம ஆட்கள் இரவில் திரிகிறார்கள் என்று 2011 இல் பரவிய கிறீஸ் பூதப் பீதியை ஊர் மறக்கவில்லை. உடையோடு ஒழுங்கையில் நடந்து போகவே வேண்டாம், இடத்துக்குப் போய்ப் போடுங்கள்.

முடிந்ததும் வியர்வையை நிழலில் உலர்த்தி, முகப்பவுடர் தூவி, தலைக்குள் பழைய பத்திரிகை அடைத்து வையுங்கள். மடித்தால் மடிப்பில் ஒட்டும், வெய்யிலில் விட்டால் இறப்பர் வெடிக்கும்.