பிரிஸ்டல் பிரபு, டெர்ரி பேராயர்: ஹெர்வியைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

பதினெட்டாம் நூற்றாண்டில் ஆங்கிலப் பிரபுவாகவும் அயர்லாந்தில் பேராயராகவும் இருந்த ஃபிரெடரிக் அகஸ்டஸ் ஹெர்வியைப் பற்றி எழுத உட்காருகிறவர்கள் முதல் வரியிலேயே சறுக்குவது வழக்கம். 'பிரிஸ்டல் பேராயர்' என்று எழுதிவிடுவார்கள். நானும் எழுதியிருக்கிறேன். மெய்ப்புப் பார்த்த நண்பர் பிடித்ததால் மானம் தப்பியது.

பிரிஸ்டல் என்பது அவர் குடும்பத்தின் பிரபுப் பட்டம், அவ்வளவுதான். அவர் பேராயராக இருந்தது அயர்லாந்தின் டெர்ரியில். அவருக்கு ஏர்ல் என்ற அந்தப் பிரபுப் பட்டம் வந்த 1779இல் பிரிஸ்டல் நகரத்தின் பேராயராக இருந்தவர் தாமஸ் நியூட்டன் என்ற வேறொருவர்.

அடுத்த சறுக்கல், தொடக்கம் முதலே அவரை ஏர்ல் என்று அழைப்பது. 1730இல் மூன்றாவது மகனாகப் பிறந்தவர் அவர். பட்டமும் சொத்தும் மூத்தவனுக்கு. இளையவர்கள் படைக்கோ திருச்சபைக்கோ போய்ப் பிழைத்துக்கொள்ள வேண்டும். 1754இல் குருப்பட்டம் பெற்றார். பல ஆண்டுகள் பெரிதாக ஒன்றும் அமையவில்லை. 1766இல் மூத்த அண்ணன் ஜார்ஜ் அயர்லாந்தின் அரசப் பிரதிநிதியாக நியமிக்கப்பட்டதும் கதவு திறந்தது. 1767இல் தம்பி குளோய்ன் பேராயர், மறு ஆண்டே வருமானம் கொழிக்கும் டெர்ரிக்கு மாற்றம். அண்ணனோ அந்தப் பதவியில் இருந்தபோது அயர்லாந்து மண்ணை மிதிக்கவே இல்லை! ஆக, பேராயர் பதவி முதலில் வந்தது. அண்ணன்கள் இருவரும் சட்டப்படியான வாரிசு இல்லாமல் இறந்த பிறகு, 1779இல்தான் அவர் நான்காவது ஏர்ல் ஆனார். அவர் அப்பா ஜான் ஹெர்வியையும் சிலர் ஏர்ல் என்கிறார்கள். அவர் தன் தந்தைக்கு முன்பே, 1743இல் இறந்துவிட்டார். ஏர்ல் ஆகவே இல்லை.

தமிழில் மட்டும் வருகிற ஒரு குழப்பமும் உண்டு. தென்னிந்தியத் திருச்சபையார் பிஷப்பைப் 'பேராயர்' என்பார்கள். கத்தோலிக்கர் வழக்கில் பிஷப் 'ஆயர்', ஆர்ச்பிஷப்தான் 'பேராயர்'. ஹெர்வி ஆங்கிலிக்கன், அதாவது இங்கிலாந்துத் திருச்சபை மரபினர் என்பதால் நான் பேராயர் என்றே எழுதுகிறேன். கத்தோலிக்க வாசகர் அதைப் படித்துவிட்டு அவர் ஆர்ச்பிஷப் என்று நினைத்துக்கொள்ளக்கூடும். ஆகவே ஓரிடத்தில் 'பிஷப்' என்று சொல்லிவிடுவது நல்லது. மனைவி மக்களோடு வாழ்ந்தார் என்றதும் யாரும் புருவத்தை உயர்த்த வேண்டாம், ஆங்கிலிக்கன் குருமாருக்கு அது இயல்பு.

'முசெண்டன் டெம்பிள்' என்பதை 'முசெண்டன் கோயில்' என்று மொழிபெயர்த்தால் கதையே மாறிவிடும். அயர்லாந்தின் வடகரையில் இருந்த அவருடைய பண்ணையான டவுன்ஹில்லில், அட்லாண்டிக் அலை மோதும் செங்குத்துப் பாறையின் விளிம்பில் 1785இல் அவர் கட்டிய வட்டமான சிறு கட்டடம் அது. இத்தாலியின் திவோலியில் உள்ள வெஸ்டா ஆலயத்தைப் பார்த்து எழுப்பியது. உள்ளே இருந்தவை புத்தகங்கள். அது அவருடைய நூலகம். வெளியே சுற்றிலும் பொறித்திருப்பது வேத வசனம் இல்லை, லுக்ரீஷியஸ் என்ற ரோமக் கவியின் வரிகள்: காற்று கடலைக் கலக்கும்போது, அங்கே தத்தளிக்கிறவனைக் கரையில் நின்று பார்ப்பது இதம் என்று. ஒரு பேராயர் தேர்ந்தெடுத்த வரி! ஆனால் அக்கம்பக்கத்துக் கத்தோலிக்கருக்கு ஆலயம் இல்லை என்று, அதே கட்டடத்தில் அவர்களுடைய பாதிரியார் திருப்பலி நிறைவேற்ற இடம் கொடுத்தவரும் அவர்தான்.

இதை விட்டுவிட்டு அவரைக் கிறுக்குப் பிரபுவாக மட்டும் காட்டுவதுதான் எனக்கு மிகவும் உறுத்துகிற தவறு. கிறுக்குத்தனம் இருந்தது, மறுக்கவில்லை. 1791க்குப் பிறகு அயர்லாந்துப் பக்கமே திரும்பாமல் ஐரோப்பா முழுக்கச் சுற்றினார், சம்பளம் மட்டும் டெர்ரியிலிருந்து போய்க்கொண்டிருந்தது. இது குறை என்றே எழுத வேண்டும். அதோடு, 1783 நவம்பரில் டப்ளினில் கூடிய, அரசியல் சீர்திருத்தம் கேட்ட ஐரிஷ் தொண்டர் படையின் மாநாட்டில் கத்தோலிக்கருக்கும் ஓட்டுரிமை வேண்டும் என்று நின்றதையும் எழுத வேண்டும். டெர்ரியின் லாங் டவர் கத்தோலிக்க ஆலயத்துக்குப் பணம் கொடுத்ததையும்தான்.

இங்கிலாந்தில் குடும்பச் சொத்தான இக்வர்த்தில் அவர் கட்டத் தொடங்கிய மாளிகையில் அவர் வாழ்ந்ததாகவும் எழுதுகிறார்கள். 1795இல் வேலை தொடங்கியது; அவர் அதைப் பார்க்கவே இல்லை. 1803 ஜூலை 8 அன்று இத்தாலியின் அல்பானோ அருகே சாலைப் பயணத்தில் இறந்தார். மதவிரோதியைத் தன் வீட்டுக்குள் சாக விடமாட்டேன் என்று குடியானவன் ஒருவன் மறுத்ததால் புறக்கடைக் கொட்டகையில் உயிர் போனதாகச் சொல்வார்கள். உடல் இக்வர்த்துக்கு வந்து சேர்ந்தது. அங்கே டெர்ரி மக்கள் எழுப்பிய நினைவுத் தூணின் கல்வெட்டில், அதற்குப் பணம் கொடுத்தவர்களில் டெர்ரியின் கத்தோலிக்க ஆயரும் இருந்ததாகப் பொறித்திருக்கிறார்கள்.