தூத்துக்குடி வழியாக ஏற்றுமதி: போரும் வரியும் கையைக் கடிக்காமல் இருக்கத் தவிர்க்க வேண்டிய தவறுகள்

நெல்லை, தூத்துக்குடி, தென்காசிப் பக்கத்திலிருந்து சென்னா இலை (நிலாவாரை), முருங்கைப் பொடி, வத்தல், தீப்பெட்டி அனுப்பும் சிறு ஏற்றுமதியாளர்கள் சரக்கின் தரத்தில் காட்டும் கவனத்தைக் காகிதத்தில் காட்டுவதில்லை. செங்கடல் சண்டையும் வாஷிங்டன் போடும் வரியும் நம்மை வந்தடைவது விலைக் கடிதம், இன்சூரன்ஸ் பாலிசி, எல்.சி. (பணத்துக்கு வாங்குபவரின் வங்கி தரும் உறுதிக் கடிதம்) ஆகியவற்றின் வழியாகத்தான்.

மாறாத சி.ஐ.எஃப். விலையை (சரக்கு, இன்சூரன்ஸ், கப்பல் வாடகை மூன்றும் சேர்ந்தது) மூன்று மாதத்துக்கு எழுதிக் கொடுப்பதுதான் பெரிய தவறு. 2023 நவம்பரில் ஏமனின் ஹூதி கிளர்ச்சியாளர்கள் செங்கடலில் வணிகக் கப்பல்களைத் தாக்கத் தொடங்கியதும், ஐரோப்பா செல்லும் பெரும்பாலான கப்பல்கள் சூயஸை விட்டு நன்னம்பிக்கை முனையைச் சுற்றின. பயணம் 10 முதல் 14 நாள் வரை நீண்டது. எரிபொருளும் புகையும் கூடின. காலி கன்டெய்னர்கள் திரும்பத் தாமதமாகி, கப்பல் வாடகை பல மடங்கு ஏறியது. சி.ஐ.எஃப்.பில் அந்த வாடகை விற்பவர் தலையில் விழும். "இந்த விலை 7 நாளுக்கு மட்டும், கப்பல் வாடகையும் போர்க்கால சர்சார்ஜும் ஏற்றும் நாளின் நிலவரப்படி" என்று விலைக் கடிதத்திலேயே எழுதிவிடுங்கள். வாங்குபவர் ஒத்துக்கொண்டால் எஃப்.சி.ஏ. முறை இன்னும் நல்லது. அதில், சி.எஃப்.எஸ். என்ற கன்டெய்னர் கிடங்கில் கப்பல் நிறுவனத்திடம் ஒப்படைத்ததும் பொறுப்பு கைமாறிவிடும். எஃப்.ஓ.பி. முறையில் கன்டெய்னர் கப்பலில் ஏறும் வரை ஆபத்து நம்முடையதே.

அடுத்தது, 'இன்சூரன்ஸ் இருக்கிறதே' என்ற நிம்மதி. சி.ஐ.எஃப்.புக்கு இன்கோடெர்ம்ஸ் என்ற சர்வதேச வணிக விதி கேட்பது, குறைந்த காப்புள்ள 'சி' வகைப் பாலிசி மட்டும்தான். தீ, கப்பல் மூழ்குதல், மோதல் போன்றவற்றை அது பார்த்துக்கொள்ளும். திருட்டையும் கன்டெய்னருக்குள் புகும் கடல்நீரையும் பார்க்காது. பொடி, இலை அனுப்புபவர்கள் பரந்த காப்புள்ள 'ஏ' வகை எடுப்பதே சரி. அதிலும் போர் ஆபத்துக்குக் காப்பு கிடையாது. போருக்கும் வேலைநிறுத்தத்துக்கும் தனிப் பிரீமியம் உண்டு. அந்தப் போர்க் காப்பீட்டை 7 நாள் நோட்டீஸில் ரத்து செய்ய முடியும். நம் கன்டெய்னர்களில் பெரும்பங்கு கொழும்பில் கப்பல் மாறுவதால் இன்னொன்றும் முக்கியம்: இடைத்துறைமுகத்தில் கப்பல் சேர்ந்து 15 நாள் கடந்தால் போர்க் காப்பீடு நின்றுவிடும்; அடுத்த கப்பலில் ஏற்றிய பிறகுதான் மீண்டும் தொடங்கும். தாமதத்தால் வரும் நஷ்டத்துக்கு 'ஏ' வகையிலும் இழப்பீடு இல்லை. தாமதத்தால் சென்னா இலை ஈரம் குடித்து நிறம் மங்கினால் கேட்க வழியில்லை. ஆகவே நன்னம்பிக்கை முனை வழிக்கு என்றே கணக்குப் போட்டு நன்றாக உலர்த்தி, ஈரம் உறிஞ்சும் பைகளைக் கூடுதலாகத் தொங்கவிட வேண்டும்.

எல்.சி.யில் கடைசி ஏற்றுமதித் தேதியை நெருக்கி வாங்காதீர்கள். கொழும்புக்கு எடுத்துச் செல்லும் சிறு ஃபீடர் கப்பல் ஒரு வாரம் தூத்துக்குடிக்கு வராமலே போகலாம். அது வங்கிக்குக் காரணம் ஆகாது. வங்கி பார்ப்பது ஆவணத்தை மட்டும். எல்.சி.யில் வேறு நாள் சொல்லாவிட்டால், சரக்கு ஏறிய 21 நாளுக்குள், எல்.சி. காலாவதி ஆவதற்கும் முன், ஆவணங்களைக் கொடுத்தாக வேண்டும். தேதி தப்பும் என்று தெரிந்த அன்றே திருத்தம் கேளுங்கள். தேதி போன பிறகு கேட்டால், விலையைக் குறைக்க வாங்குபவருக்கு நாமே வழிவிட்டதாகும்.

2025 ஆகஸ்ட் 27 முதல் இந்தியச் சரக்குகள் பலவற்றுக்கு அமெரிக்காவில் கூடுதல் வரி 50 சதவீதம் ஆனது. அதில் பாதி, நாம் ரஷ்ய எண்ணெய் வாங்கியதற்காக. தூத்துக்குடி இறாலுக்கும் மாஸ்கோவுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்டது நியாயம்தான், ஆனால் சுங்கத்தில் அந்தக் கேள்வி எடுபடவில்லை. அந்தப் பாதி வரியைப் போட்ட உத்தரவே, ஆகஸ்ட் 27-க்கு முன் கப்பலில் ஏற்றி, செப்டம்பர் 17-க்கு முன் அங்கே சுங்கம் முடித்த சரக்குக்கு அந்தப் பாதியை விலக்கியிருந்தது. உத்தரவை முழுதாகப் படித்தவர்களுக்கே இப்படிப்பட்ட சலுகை கண்ணில் படும். டி.டி.பி. விலை (வாங்குபவர் நாட்டு இறக்குமதி வரியும் சேர்ந்தது) கொடுத்தவர்களுக்கோ முழு வரியும் சொந்தச் செலவு. அமெரிக்காவுக்கு டி.டி.பி. வேண்டவே வேண்டாம்.

வரிக்குப் பயந்து 'கொழும்பு வழியா அனுப்பினா இலங்கைச் சரக்கு' என்று சொல்பவர்களை நம்ப வேண்டாம். கப்பல் மாறுவதால் பிறந்த நாடு மாறாது. பொருள் அங்கே உருமாறி வேறு பொருளாக வேண்டும். வரியை ஏய்க்க வழிமாற்றியது தெரிந்தால் 40 சதவீத வரியும் அபராதமும் என்று 2025 ஜூலை 31 உத்தரவிலேயே இருந்தது.

ஐரோப்பாவின் கார்பன் எல்லை வரி குறித்து இலைக்காரர்களும் பொடிக்காரர்களும் கவலைப்பட வேண்டியதில்லை. இரும்பு, அலுமினியம், சிமென்ட், உரம், மின்சாரம், ஹைட்ரஜன் ஆகியவைதான் அதில் உள்ளன. போல்ட், ஸ்க்ரூ அனுப்பும் பட்டறைகள் மட்டும் உற்பத்தியில் வெளியாகும் கார்பன் கணக்கை இப்போதே எழுதி வைக்க வேண்டும். 2026 ஜனவரி 1 முதல் அது பணக் கணக்காகிவிட்டது.

கோவில்பட்டித் தீப்பெட்டிக்குத் தனி எச்சரிக்கை. அது ஐ.நா. எண் 1944, வகுப்பு 4.1 (எளிதில் தீப்பற்றும் திடப்பொருள்) ஆபத்துச் சரக்கு. வழி மாறும்போது, புதிதாகச் சேரும் ஒவ்வொரு துறைமுகமும் கப்பலும் அதை ஏற்க வேண்டும். ஃபார்வர்டர் (சரக்கு அனுப்பும் முகவர்) போனில் சொல்வது போதாது. கப்பல் நிறுவனத்தின் ஒப்புதல் எழுத்தில் வந்த பிறகே லாரியைக் கிளப்புங்கள்.