அக்பாட்ஜா மணித்தாளம்: கால் தவறாமல் பிடிக்க

மேற்கு ஆப்பிரிக்காவின் கானா நாட்டுத் தேவாலயங்களில் துதிப்பாடல் சூடுபிடிக்கும்போது வரும் தாளங்களில் ஒன்று அக்பாட்ஜா. அங்குள்ள எவே என்ற இன மக்களின் நடனம் அது. 12 வரை சீராக எண்ணுங்கள். கான்கோகுயி என்கிற இரட்டை மணியில் 1, 3, 5, 6, 8, 10, 12-இல் அடி. கால் 1, 4, 7, 10-இல் விழும்.

இரண்டும் சேர்வது 1-லும் 10-லும் மட்டும்தான். 4, 7-இல் மணி இருக்காது. அங்கேதான் பலரும் மணியைத் துரத்திப்போய்க் காலை விட்டுவிடுவார்கள். அதனால் மெட்ரோனோமை (சீராக டிக் ஒலி தரும் கருவி) நிமிடத்துக்கு 60 டிக் என்று வைத்து, ஒவ்வொரு டிக்குக்கும் ஒரு காலடியாக முதலில் வெறுமனே நடங்கள். மணியை அப்புறம் வாயால் சொல்லலாம்.

இன்னொரு தொல்லை, 12-ஐ அடுத்து 1 ஒட்டியே வருவதால் 12-ஐயே தொடக்கம் என்று நினைத்துவிடுவது. 1-ஐ மட்டும் கீழ்ச்சுருதி மணியில் அடியுங்கள், குழப்பம் குறையும். சபையார் கைதட்டல்? காலோடுதான்.