மக்காச்சோளத்தின் தாயைத் தேடும்போது செய்யும் தவறுகள்

மக்காச்சோளத்தின் பூர்வீகம் பற்றிப் பேசுபவர்கள் முதலில் சறுக்குவது பெயரில்தான். மக்கா என்று இருப்பதால் அரபு நாட்டுப் பயிர் என்பார்கள். சோளம் என்று இருப்பதால் நம் வெள்ளைச் சோளத்திலிருந்து வந்தது என்பார்கள். இரண்டும் புல் குடும்பம் என்பது உண்மை. ஆனால் வெள்ளைச் சோளம் ஆப்பிரிக்காவில் பயிரானது. மக்காச்சோளம் பயிரானது தென்மேற்கு மெக்சிகோவில், பல்சாஸ் ஆற்றுப் படுகையில், ஏறத்தாழ 9,000 ஆண்டுகளுக்கு முன். 1492இல் கொலம்பஸ் போன பிறகே அது கடல் கடந்தது. கர்நாடகத்துச் சோமநாதபுரம் கோயிலில் 13ஆம் நூற்றாண்டுச் சிற்பங்களின் கையில் மக்காச்சோளக் கதிர் இருப்பதாக ஒரு வாதம் அவ்வப்போது தலைகாட்டும். அது முத்துகளால் ஆன முக்தாபலம் என்ற கற்பனைப் பழம் என்று மறுத்தவர்கள் உண்டு. எனக்கும் அதுவே சரியாகப் படுகிறது. கல்லில் கண்ட உருவத்தை மட்டும் நம்பி ஒரு பயிரின் வரலாற்றை எழுதிவிடக் கூடாது.

இதைவிடப் பெரிய தவறு, காட்டில் ஒரு குட்டி மக்காச்சோளக் கதிரைத் தேடுவது. காட்டு நெல்லைப் பார்த்தால் நெல் என்று தெரிந்துவிடும். அந்தப் பழக்கத்தில் இங்கேயும் தேடினால் கிடைக்காது. அறிஞர்களே இதில் தடுமாறினார்கள். அழிந்துபோன ஒரு காட்டு மக்காச்சோளமே மூதாதை என்று அமெரிக்கத் தாவரவியலாளர் பால் மாங்கெல்ஸ்டார்ஃப் பல ஆண்டுகள் வாதாடினார். மரபியலாளர் ஜார்ஜ் பீடில் 1939இல், தியோசின்டே என்ற புல்தான் மூதாதை என்றார். அந்தப் புல்லை நேரில் பார்த்தால் யாருக்கும் நம்பிக்கை வராது. பக்கக் கிளைகள் விட்டுப் புதராக நிற்கும். கதிர் சுண்டுவிரல் அளவுதான். அதில் 5 முதல் 12 மணிகள், ஒவ்வொன்றும் கல் மாதிரி ஓர் ஓட்டுக்குள். முற்றினால் தானே கழன்று உதிர்ந்துவிடும்.

1958இல் நோபல் பரிசு வாங்கிய பீடில், ஓய்வு பெற்ற பின் இந்தக் கேள்விக்கே திரும்பி வந்தார். புல்லையும் பயிரையும் கலந்து, இரண்டாம் தலைமுறையில் ஏறத்தாழ 50,000 செடிகளை வளர்த்துப் பார்த்தார். சுமார் 500 செடிக்கு ஒன்று அசல் மக்காச்சோளம்போல வந்தது; அதே கணக்கில் அசல் தியோசின்டேயும் வந்தது. வேறுபாடு நான்கு மரபணுவில் என்றால் 256க்கு ஒன்று வர வேண்டும், ஐந்தில் என்றால் 1,024க்கு ஒன்று. கண்டது இரண்டுக்கும் நடுவே; அதாவது பெரிய வேறுபாடு நாலைந்து மரபணுவில்தான். இவ்வளவு எளிமையாக ஒரு பெரிய வழக்கைத் தீர்க்க வழி காட்டிய சோதனையை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்புதான்.

ஆனால் இதைப் பிடித்துக்கொண்டு, "நாலைந்து மரபணு மாறியது, புல் பயிராகிவிட்டது" என்று சுருக்குவதும் தவறு. பெரிய மாற்றங்களுக்குப் பின்னால் சில மரபணுக்கள் முன்னே நிற்கின்றன. சிறுசிறு மாற்றம் செய்தவை ஏராளம். அந்த மாற்றங்களை மனிதர்கள் உண்டாக்கினார்கள் என்பதும் சரியில்லை. கிளைகளை அடக்கி ஒற்றைத் தட்டையாக நிற்கவைக்கும் டிபி1 மரபணுவை எடுத்துக்கொள்ளுங்கள். அதன் அருகே ஹாப்ஸ்காட்ச் என்ற தாவும் மரபுத் துண்டு வந்து அமர்ந்ததால் அந்த மரபணு கூடுதலாக வேலை செய்கிறது. உழவர் கை படுவதற்கு முன்பே அந்தத் துண்டு காட்டுப் புல்லில் இருந்தது. உழவர்கள் செய்தது, அது இருந்த செடிகளின் விதையைத் தலைமுறை தலைமுறையாக எடுத்து வைத்தது.

மணியை மூடியிருந்த கல் போன்ற ஓடு நீங்கியதில் டிஜிஏ1 என்ற இன்னொரு மரபணுவுக்குப் பெரும் பங்கு. ஒரு புரதத்தில் ஒரே ஓர் அமினோ அமிலம் மாறியது, மணி வெளியே தெரிந்தது. இதை வீட்டிலேயே பார்க்கலாம். அவித்த கதிரைக் கடித்துத் தின்ற பிறகு சக்கையைத் திருப்பிப் பாருங்கள். மணி இருந்த குழிகளைச் சுற்றி மெல்லிய உமி ஒட்டியிருக்கும். பல் இடுக்கில் மாட்டிக்கொண்டு தொல்லை தருவது அதுதான். தியோசின்டேயில் மணியை மூடும் ஓட்டுக்குக் கதவாக இறுகி நிற்பதும் இதே உமிதான். அப்படியே மணி வரிசைகளையும் எண்ணிப் பாருங்கள்: 12, 14, 16 என்று இரட்டைப்படையில்தான் வரும். பூக்கள் ஜோடி ஜோடியாக உருவாவதால் அப்படி. தியோசின்டே கதிரில் அந்த ஜோடியில் ஒன்று கருகிவிடும்.

யாரோ ஒருவர் ஒரு காலத்தில் கண்டுபிடித்து முடித்தார் என்று எழுதுபவர்கள் கால அளவைக் கவனிப்பதில்லை. கெர்ரேரோ மாநிலத்தில் ஷிவாடோஷ்ட்லா பாறைக்குடையில் கிடைத்த மக்காச்சோள மாவுச்சத்துத் துகள்கள் 8,700 ஆண்டுப் பழமையானவை. வஹாக்கா மாநிலத்துக் கிலா நாக்கிட்ஸ் குகையின் சக்கைகளுக்கு வயது 6,250 ஆண்டு. அப்போதும் அவை சின்னஞ்சிறியவை. தென் அமெரிக்காவுக்குப் போன விதையும் பாதி பழகிய நிலையில்தான் போனது, மீதி அங்கே நடந்தது. 2023இல் வந்த மரபணு ஆய்வு ஒன்று, மலைப்பகுதியில் வளரும் மெக்சிகானா என்ற வேறொரு தியோசின்டேயும் பிற்பாடு கலந்ததைக் காட்டியது. இன்றைய மக்காச்சோளத்தில் ஐந்தில் ஒரு பங்கை நெருங்கும் அளவுக்கு அதன் மரபு இருக்கிறது. ஆகவே தியோசின்டே என்றால் ஒரே செடி என்று எண்ணிவிடாதீர்கள்.

அந்தப் புற்களின் கதை முடிந்துவிட்டதாகவும் எண்ண வேண்டாம். ஹலிஸ்கோ மாநிலத்தின் மனன்ட்லான் மலையில், வெட்டினாலும் மறுபடி துளிர்த்துப் பல ஆண்டு வாழும் ஒரு தியோசின்டேயை 1979இல்தான் உலகுக்கு அறிவித்தார்கள். மக்காச்சோளத்தோடு கலப்பாகக்கூடிய புல் அது. அந்த மலை 1987இல் உயிர்க்கோளக் காப்பகமானதற்கு இந்தப் புல்லும் ஒரு காரணம்.