எம்டன் குண்டு விழுந்த இடம்: வடசென்னைப் போர்த் தடங்களைத் தனி வழிகாட்டியோடு ஒரே நாளில் பார்ப்பது எப்படி?

எங்கள் வீடு தண்டையார்ப்பேட்டையில். சின்ன வயதில் நான் ஏதாவது காரியத்தைச் சாமர்த்தியமாகச் சாதித்துவிட்டால் அப்பா, "சரியான எம்டன்டி நீ" என்பார். போன வருடம் அதே வார்த்தையை என் மகனிடம் சொன்னார். ஏழாம் வகுப்புப் பையன் சும்மா இருப்பானா? "எம்டன்னா யாரு தாத்தா?" என்று கேட்டுவிட்டான். அப்பா தன் பாட்டி சொன்ன கதையை அன்றுதான் முழுதாகச் சொன்னார். அவருக்கு 76 வயது. தாத்தாவும் பேரனும் சேர்ந்து அந்த இடங்களைப் பார்த்துவிட வேண்டும் என்று எனக்குத் தோன்றியது.

முதல் முறை நாங்களாகவே போனோம், பாதி இடம் கண்ணில் படவில்லை. இரண்டாவது முறை ஒரு சுற்றுலா நிறுவனத்திடம் பணம் கட்டினோம், அது வேறு மாதிரி போனது. மூன்றாவது முறை ஒரு வழிகாட்டியை நேரடியாகப் பேசி எங்களுக்கு மட்டும் அமர்த்தினோம். அந்த நாள் அவ்வளவு நிறைவாக இருந்தது. அதைத்தான் இங்கே வரிசையாக எழுதுகிறேன்.

கதை, சுருக்கமாக

1914 செப்டம்பர் 22, இரவு ஒன்பதரை மணி வாக்கில். முதல் உலகப் போர் தொடங்கி இரண்டு மாதம்கூட ஆகவில்லை. கார்ல் ஃபான் முல்லர் தலைமையில் வந்த எம்டன் என்ற ஜெர்மானியப் போர்க்கப்பல், கரைக்குச் சுமார் 3,000 கெஜம் வரை நெருங்கி வந்து சென்னைத் துறைமுகத்தைச் சுட்டது. குறி, பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகள். ஏறக்குறைய 130 குண்டுகள். இரண்டு தொட்டிகள் பற்றி எரிந்தன. துறைமுகத்தில் நின்ற ஒரு வணிகக் கப்பலும் அடி வாங்கியது. குறைந்தது ஐந்து பேர் இறந்தார்கள். கரையிலிருந்த பீரங்கிகள் பதிலுக்குச் சுட்டன. ஒரு குண்டும் கப்பலைத் தொடவில்லை.

ஊர் பயந்துபோய்க் காலி செய்துகொண்டு ஓடியது. அந்தப் பயத்திலிருந்துதான் எம்டன் என்ற சொல் நம் பேச்சில் தங்கிவிட்டது. கப்பல் அதற்குப் பிறகு நெடுநாள் நிலைக்கவில்லை. நவம்பர் 9 அன்று கோகோஸ் தீவுகளுக்கு அருகே ஆஸ்திரேலியக் கப்பலான சிட்னி அதை வீழ்த்தியது.

1. கிழமையை முடிவு செய்யுங்கள்

ஞாயிறுதான் என் பரிந்துரை. புனித ஜார்ஜ் கோட்டை அருங்காட்சியகத்துக்கு வெள்ளிக்கிழமை விடுமுறை. ஞாயிறு திறந்திருக்கும். தலைமைச் செயலகத்துக்கு அன்று விடுமுறை என்பதால் கோட்டை வாசலில் நெரிசல் இல்லை. பாரிமுனையில் நிம்மதியாக நடக்கவும் முடியும். வேலை நாளில் ராஜாஜி சாலையில் ஒரு வயதானவரை நிறுத்திக் கதை சொல்வது நடக்காத காரியம். சத்தத்தில் ஒன்றும் காதில் விழாது.

ஆகஸ்டில் சென்னை வாரம் நடக்கும்போது மரபு நடைகள் நிறைய இருக்கும். நல்ல விஷயம்தான், நானும் போயிருக்கிறேன். ஆனால் முப்பது பேர் கூட்டத்தில் முட்டி வலிக்கும் அப்பா பின்தங்கிவிடுவார், பையன் கேள்வி கேட்கக் கூச்சப்படுவான். குடும்பத்தோடு பார்க்க வேண்டுமென்றால் தனி வழிகாட்டியே மேல்.

2. வழிகாட்டியை அமர்த்துங்கள்

நான் சறுக்கிய படி இதுதான், அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

அந்த நிறுவனத்திடம் "போர்ச் சுவடுகள் பார்க்க வேண்டும்" என்று தொலைபேசியில் மட்டும் சொல்லியிருந்தேன். "ஆகட்டும் மேடம்" என்றார்கள். வந்த வழிகாட்டிக்கு எம்டன் என்ற பெயர் தெரிந்திருந்தது, இடம் தெரியவில்லை. மெரினா, சாந்தோம், அப்புறம் ஒரு பட்டுப் புடவைக் கடையில் ஒரு மணி நேரம். கோட்டைக்கு வந்து சேர்ந்தபோது அப்பா களைத்துவிட்டார். வண்டியை விட்டு இறங்கவே இல்லை. அன்று அவர் முகத்தைப் பார்க்க எனக்குக் கஷ்டமாக இருந்தது.

ஆகவே, இந்திய சுற்றுலா அமைச்சகத்தின் உரிமம் பெற்ற வழிகாட்டியைத் தேடுங்கள். அண்ணா சாலையில் இந்திய சுற்றுலா அலுவலகம் இருக்கிறது, வாலாஜா சாலையில் தமிழ்நாடு சுற்றுலா வளாகம் இருக்கிறது. இரண்டிலும் விசாரிக்கலாம். உரிம அட்டையைக் காட்டச் சொல்லிக் கேட்பதில் தப்பே இல்லை. நல்லவர்கள் கோபித்துக்கொள்ள மாட்டார்கள்.

அட்டை மட்டும் போதாது. பேசும்போது இந்த மூன்று கேள்விகளைக் கேளுங்கள்:

எம்டன் நினைவுப் பலகை உயர் நீதிமன்றத்தின் எந்தப் பக்கம் இருக்கிறது?

கோட்டை அருங்காட்சியகத்துக்கு என்றைக்கு விடுமுறை?

செண்பகராமன் பிள்ளை எம்டனில் வந்தாரா?

மூன்றாவதுதான் முக்கியம். அவர் அந்தக் கப்பலில் இருந்தார், அவர்தான் குறி காட்டினார் என்று நம்மூரில் பலரும் சொல்வார்கள். அதற்குச் சான்று இல்லை. அந்தச் சமயத்தில் அவர் ஐரோப்பாவில் இந்திய விடுதலைக்காகக் குழு அமைத்துக்கொண்டிருந்தார். அவருடைய உழைப்புக்கு இந்தக் கட்டுக்கதை தேவையே இல்லை. "அப்படி ஒரு கதை உண்டு, ஆனா ஆதாரம் கிடையாதும்மா" என்று எங்கள் வழிகாட்டி தொலைபேசியில் சொன்னார். அந்த ஒரு பதிலிலேயே அவரை அமர்த்திவிட்டேன்.

பேசி முடித்ததும் இடங்களின் பட்டியலை வாட்ஸ்அப்பில் எழுதி அனுப்புங்கள். "கடைகளுக்குப் போக வேண்டாம், நடுவில் இரண்டு மணி நேரம் ஓய்வு வேண்டும், வயதானவர் வருகிறார்" என்பதையும் சேர்த்து எழுதுங்கள். கட்டணம் முழு நாளுக்கா, மணிக்கணக்கா என்பதையும் எழுத்திலேயே வாங்கிக்கொள்ளுங்கள்.

3. வண்டி

கார் வேண்டாம். ராஜாஜி சாலையில் நிறுத்த இடம் கிடைக்காது, பழைய வண்ணாரப்பேட்டைத் தெருக்களில் திரும்ப முடியாது. தெரிந்த ஆட்டோ அண்ணன் ஒருவரை நாள் வாடகைக்குப் பேசினோம். வழிகாட்டி தன் இருசக்கர வாகனத்தில் வந்தார். இந்த ஏற்பாடு அருமையாக இருந்தது.

4. நினைவுப் பலகையைக் கண்டுபிடிப்பது

முதல் முறை நாங்கள் ஒரு மணி நேரம் சுற்றித் தோற்ற இடம் இது. கைப்பேசி வரைபடம் நீதிமன்ற வளாகத்தின் நடுவில் கொண்டுபோய்க் குறியைக் காட்டியது. நாங்கள் என்.எஸ்.சி. போஸ் சாலை வாசலில் போய் நின்று காவலரிடம் கேட்டோம். பார்வையாளர்களுக்கு அனுமதி இல்லை என்றார். அதோடு திரும்பிவிட்டோம்.

உள்ளே போகவே வேண்டாம். பலகை வளாகத்தின் கிழக்குச் சுற்றுச்சுவரில் இருக்கிறது, அதாவது துறைமுகத்தைப் பார்த்த பக்கம். சாலையோரத்திலிருந்தே பார்க்கலாம். கடலிலிருந்து வந்த குண்டு கிழக்கிலிருந்துதானே வந்திருக்கும் என்று வழிகாட்டி சொன்னதும் பையன், "அட, ஆமால்ல!" என்றான். எனக்கும் அந்த யோசனை வந்திருக்க வேண்டும்.

சின்னப் பலகைதான். வேகமாக நடந்தால் தாண்டிப் போய்விடுவீர்கள். சுவரை ஒட்டி, சுவரைப் பார்த்துக்கொண்டே மெதுவாக நடங்கள். காலை எட்டு மணிக்குள் போய்விடுங்கள். கிழக்கு வெயில் நேராக எழுத்தின் மேல் விழும். மதியத்துக்கு மேல் சுவர் நிழலில் மங்கிவிடும், படம் எடுத்தாலும் தெளிவாக வராது.

பலகையைப் பார்த்த கையோடு ஓடிவிடாதீர்கள். அங்கேயே நின்று நீதிமன்றக் கோபுரத்தை அண்ணாந்து பாருங்கள். 1894 முதல் 1977 வரை சென்னையின் கலங்கரை விளக்கம் அந்தக் கோபுரத்தின் உச்சியில்தான் இருந்தது. போர் நடக்கிறது என்று தெரிந்தும் அன்று இரவு ஊர் விளக்குகளை அணைக்கவில்லை. இருட்டில் நிற்கும் கப்பலுக்குக் கரை முழுக்க வெளிச்சமாகத் தெரிந்திருக்கிறது. இதை வழிகாட்டி சொன்னபோது அப்பா அவர் கையைப் பிடித்துக்கொண்டு, "எங்க பாட்டியும் இதையேதான் சொல்வாங்க சார், ஊரே கார்த்திகை மாதிரி எரிஞ்சுது, அதான் அவன் வந்தான்னு" என்றார். கைப்பேசியில் குரல் பதிவை நான் முன்கூட்டியே போட்டு வைத்திருந்தேன். நீங்களும் பெரியவர்களை அழைத்துப்போனால் கட்டாயம் இதைச் செய்யுங்கள். வீட்டில் உட்காரவைத்துக் கேட்டால் வராத நினைவு, அந்த இடத்தில் தானாக வருகிறது.

5. பாரிமுனைத் தூண்

காலை டிபனை முடித்துவிட்டு டேர் ஹவுஸ் கட்டடத்துக்கு வாருங்கள். அந்த வளாகத்தில் கூம்பிய கல்தூண் ஒன்று நிற்கிறது, அதில் 1773 ஜனவரி 1 என்று தேதி இருக்கும். முன்பு இதுபோல் ஆறு இருந்தன, இப்போது மிஞ்சியது இது ஒன்றுதான். 1746இல் பிரெஞ்சுக்காரர்கள் கோட்டையைப் பிடித்தார்கள். அவர்களும், பிறகு திரும்பி வந்த ஆங்கிலேயரும் கோட்டையை ஒட்டி இருந்த பழைய கருப்பர் நகரத்தை இடித்துத் தள்ளினார்கள். பீரங்கிக்கு மறைப்பு இருக்கக்கூடாதாம். இந்தத் தூணுக்கு இப்பால் யாரும் வீடு கட்டக்கூடாது என்பதற்கான எல்லைக் கல் இது. நம் மக்கள் குடியிருந்து இழந்த தெருக்களின் மேல்தான் இன்றைய உயர் நீதிமன்றம் நிற்கிறது. இதைக் கேட்ட பிறகு அந்தச் சாலையை என்னால் பழையபடி பார்க்க முடியவில்லை. வாசல் காவலரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் பாருங்கள்.

6. கோட்டை

அசல் அடையாள அட்டை எல்லோருக்கும் கட்டாயம் வேண்டும். சட்டமன்றம் நடக்கும் நாட்களில் கெடுபிடி அதிகம். பையில் கத்தி, தீப்பெட்டி என்று எதையும் வைத்துக்கொள்ளாதீர்கள்.

அருங்காட்சியகத்தில் எல்லாவற்றையும் பார்க்க முயலாதீர்கள், கால் விட்டுப்போகும். எம்டன் குண்டின் சிதறலை முதலில் பாருங்கள். கையளவு இரும்பு. பையன் அதன் முன்னால் பத்து நிமிடம் நின்றான். அடுத்து ஆங்கிலேய கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸ் சிலையின் பீடத்தைப் பாருங்கள். திப்புவின் இரண்டு பிள்ளைகளை 1792இல் பிணையாக ஒப்படைக்கும் காட்சியைச் செதுக்கியிருக்கிறார்கள். வென்றவன் பெருமைக்காகச் செதுக்கியது. என் கண்ணில் அந்தக் குழந்தைகள்தான் பட்டார்கள்.

பிறகு புனித மரியாள் தேவாலயம். 1680இல் கட்டியது. ஞாயிறு காலை ஆராதனை முடிந்த பிறகு போங்கள். உள்ளே கூரையைப் பாருங்கள், குண்டு விழுந்தாலும் தாங்கட்டும் என்று தடித்த வளைவாகக் கட்டியது. வெளியே தரையில் கல்லறைக் கற்கள் பதித்திருக்கும். 1758 டிசம்பரில் லாலியின் பிரெஞ்சுப் படை கோட்டையை முற்றுகையிட்டபோது, வெளியே இருந்த கல்லறைகளை மறைப்பாக வைத்துக்கொண்டு சுட்டது. முற்றுகை முடிந்த பிறகு ஆங்கிலேயர் அந்தக் கற்களைப் பெயர்த்து இங்கே கொண்டுவந்துவிட்டார்கள். தமிழ் வழிகாட்டி இல்லாவிட்டால் நாங்கள் அவற்றைச் சும்மா மிதித்துக்கொண்டு போயிருப்போம்.

மதியம் வீட்டுக்கோ விடுதிக்கோ போய்ப் படுத்துவிடுங்கள். நான்கு மணிக்கு மேல்தான் அடுத்தது.

7. மாடிப் பூங்கா

பழைய வண்ணாரப்பேட்டை மாடிப் பூங்காவில் எத்தனையோ முறை உட்கார்ந்திருக்கிறேன், அது ஒரு போர் மதிலின் மிச்சம் என்று தெரியாமலே. 1767இல் ஹைதர் அலியின் குதிரைப்படை சென்னையின் ஓரம் வரை வந்துவிட்டது. 1769இல் ஹைதரே பரங்கிமலை வரை வந்து ஒப்பந்தம் எழுதி வாங்கினார். அந்தப் பயத்தில் கருப்பர் நகரத்தைச் சுற்றி எழுப்பிய மதில் இது. அதற்கு வரி போட நினைத்ததால்தான் வால்டாக்ஸ் சாலை என்ற பெயர். கீழே நின்று மதிலின் கனத்தைப் பார்த்துவிட்டு மேலே ஏறுங்கள். அரை மணி நேரம் போதும்.

8. கடல்

துறைமுகத்துக்குள் அனுமதி இல்லை. காசிமேட்டுக்கு வடக்கே கல் கொட்டிய கரை இருக்கிறது, அங்கே போய்விடுங்கள். கல்லின் மேல் இறங்க வேண்டாம், பாசி வழுக்கும். துறைமுகத்தையும் கடற்படை இடங்களையும் படம் எடுக்காதீர்கள். 3,000 கெஜம் என்றால் கிட்டத்தட்ட இரண்டே முக்கால் கிலோமீட்டர் தூரம். அவ்வளவு பக்கத்தில் நின்று சுட்டிருக்கிறான் என்று வழிகாட்டி கடலைக் காட்டியபோதுதான் எனக்கு உடம்பு சிலிர்த்தது.

பின்சேர்க்கை

எந்த ரயில் நிலையத்தில் இறங்குவது என்று நான் எழுதவில்லை. கோவையிலிருந்து வந்த ஒரு வாசகர் அலைந்திருக்கிறார், மன்னிக்கவும். மெட்ரோ என்றால் உயர் நீதிமன்ற நிலையம். மின்சார ரயில் என்றால் கடற்கரை நிலையத்தில் இறங்கி, ராஜாஜி சாலையில் தெற்கே நடங்கள். பர்மா பஜாரையும் பாரிமுனையையும் தாண்டியதும் வலது கைப் பக்கம் நீதிமன்றச் சுவர் வரும்.

மலேசியாவிலிருந்து வந்த உறவினரை அழைத்துப்போன இன்னொருவர், கோட்டை வாசலில் கடவுச்சீட்டு கேட்டதாக எழுதியிருந்தார். நகல் வேண்டாம், அசலையே எடுத்துப்போங்கள்.

சாப்பாடு பற்றியும் நிறையப் பேர் கேட்டார்கள். கடற்கரைக்குப் போகும் முன் செகண்ட் லைன் பீச் தெருவில் அத்தோ என்ற பர்மிய நூடுல்ஸ் சாப்பிடுங்கள். அப்பாவுக்குக் காரம் ஆகாது என்பதால் வாழைத்தண்டு சூப் மட்டும் வாங்கித் தந்தோம்.

கடலோரத்தில் எத்தனை மணி வரை இருக்கலாம் என்பது கடைசிக் கேள்வி. வழிகாட்டி ஏழு மணிக்கு விடைபெற்றார். அப்பா எழுந்திருக்கவில்லை, "ஒன்பதரை ஆகட்டும்மா" என்றார். ஆட்டோ அண்ணனும் எங்களோடு உட்கார்ந்துகொண்டார். பாட்டி தன் கைக்குழந்தையோடும் இரண்டு பித்தளைக் குடத்தோடும் மாட்டு வண்டியில் செங்குன்றம் போனதை, எட்டாம் நாள் திரும்பி வந்தபோது கதவு திறந்தபடியே கிடந்ததை, ஒரு சாமானும் களவு போகாததை அப்பா அங்கேதான் சொன்னார். பையன் அவர் மடியில் தலை வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தான். அந்த நேரத்துக்கு அங்கே ஆட்டோ கிடைப்பது சிரமம், அதனால் திரும்பும் நேரத்தைக் காலையிலேயே பேசி வைத்துவிடுங்கள்.