சினிமா, சீரியல் இரண்டிலும் கேமராமேனாக வேலை செய்ய

சினிமாவில் ஒரு காட்சிக்கு ஒரு முழுநாள் கிடைக்கும். சீரியலில் அதே நாளுக்குள் ஒரு எபிசோடையே முடிக்கச் சொல்வார்கள். இரண்டுக்கும் கூப்பிடப்படும் ஒளிப்பதிவாளராக வேண்டுமானால், புதுக் கேமரா பழகுவதைவிட லைட்டை வேகமாக மாற்றப் பழகுங்கள்.

தரமணி திரைப்படக் கல்லூரியில் படித்து வந்தாலும் சரி, நேரடியாக உதவியாளராகச் சேர்ந்தாலும் சரி, முதலில் ஃபோக்கஸ் இழுக்க, அதாவது நடிகர் நகர நகர லென்ஸைத் திருப்பி அவரைத் தெளிவாக வைத்திருக்க, கற்றுக்கொள்ளுங்கள். தூரம் அளக்கும் டேப்பை லென்ஸின் முனையிலிருந்து பிடிக்கக் கூடாது. கேமராவின் உடம்பில் ஒரு வட்டமும் அதைக் குறுக்கே வெட்டும் கோடும் இருக்கும். படத்தைப் பதியும் சென்சார் இருக்கும் இடம் அதுதான். அங்கிருந்து நடிகரின் கண் வரை அளக்க வேண்டும்.

ஒரு ஹால், சோபாவில் இருவர் பேசுகிறார்கள். சீரியலுக்கு மூன்று கேமரா ஓடும், நடிகர் எந்தப் பக்கமும் திரும்புவார். அதனால் மேலே ஸ்கிம்மர் (வெளிச்சத்தை மென்மையாக்கும் வெள்ளைத் துணி) கட்டி மென்மையான வெளிச்சம் கொடுங்கள். முகத்தின் இரண்டு பக்கத்துக்கும் ஒரு ஸ்டாப் வித்தியாசம், அதாவது ஒரு பக்கம் மற்றதைவிட இரண்டு மடங்கு வெளிச்சம், போதும். இதே ஹாலில் சினிமாவுக்கான இறுக்கமான காட்சி வேண்டுமா? லைட்டைக் கூட்டாதீர்கள், குறையுங்கள். மேல் வெளிச்சத்தை அணைத்து, பக்கவாட்டில் ஒன்றை மட்டும் வைத்து, நிழல் பக்கம் கருப்புத் துணி பிடித்தால் வித்தியாசம் இரண்டு, மூன்று ஸ்டாப்புக்குப் போய்விடும். பத்து நிமிட வேலைதான்.

நடிகர் நடக்கும்போது முகம் வெளுத்துப் போவதற்குக் காரணம், லைட் மிகப் பக்கத்தில் இருப்பது. 4 அடியிலிருந்து 8 அடிக்கு நகர்ந்தால் 2 ஸ்டாப் குறையும். 12 அடியிலிருந்து 16 அடிக்கு நகர்ந்தால் ஒரு ஸ்டாப்கூடக் குறையாது. எனவே பெரிய லைட்டைத் தள்ளி வையுங்கள்.

ஃப்ளிக்கர், அதாவது விளக்கின் துடிப்பு படத்தில் தெரிவது, பலரைக் கவிழ்த்திருக்கிறது. நம் கரண்ட் 50 ஹெர்ட்ஸ் என்பதால் சாதாரண டியூப்லைட் நொடிக்கு 100 முறை துடிக்கும். சீரியலுக்கு நொடிக்கு 25 ஃபிரேமில் 180 டிகிரி ஷட்டர் (ஒவ்வொரு ஃபிரேமிலும் பாதி நேரம் மட்டும் ஒளி பதியும்) வைத்தால் 1/50 நொடி, அதில் சரியாக இரண்டு துடிப்பு அடங்கும், பிரச்சினை இல்லை. சினிமாவுக்கு 24 ஃபிரேமில் அதே 180 டிகிரி 1/48 ஆகிவிடும். வீட்டு விளக்குகள் காட்சிக்குள் இருந்தால் பட்டைகள் மெதுவாக ஓடும். ஷட்டரை 172.8 டிகிரியாக மாற்றுங்கள், சரியாக 1/50 வரும். அப்போதும் ஓடினால் மலிவான எல்இடியோ டிம்மரோதான் காரணம். அந்த விளக்கை அணைத்துவிட்டு வேறு போடுங்கள். எடிட்டிங்கில் இதைச் சரிசெய்வது பெரும்பாடு.

சீரியலின் மூன்று கேமராவிலும் ஆட்டோ ஒயிட் பேலன்ஸை (கேமராவே நிறத்தைச் சரிசெய்வது) அணைத்து ஒரே கெல்வின் எண் (வெளிச்சத்தின் நிறத்தைக் குறிக்கும் அளவு) போடுங்கள். கேமரா கம்பெனி வேறானால் எண் ஒன்றாக இருந்தாலும் நிறம் வேறுபடும். காலையில் ஒரே லைட்டில் கிரே கார்டை (சாம்பல் நிற அட்டை) மூன்றிலும் பதிவு செய்துவிட்டால், பிறகு நிறத்தைச் சரிசெய்யும் கலரிஸ்டுக்குப் பிடி கிடைக்கும்.

சீரியல் வீட்டுக்குப் பத்து நாள் கழித்து அதே காட்சியின் தொடர்ச்சிக்காகத் திரும்ப வருவீர்கள். லைட்டின் உயரம், தூரம், ஸ்டாப், கெல்வின் நான்கையும் அன்றன்றே நோட்டில் எழுதி, லைட் நிற்கும் இடங்களையும் செட்டையும் சேர்த்து ஒரு போட்டோ எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.