ரௌலி கவிதைகளின் போலித்தனத்தைச் சோதிப்பது எப்படி?

பிரிஸ்டலில் பிறந்த தாமஸ் சாட்டர்டன் (1752–1770), தாமஸ் ரௌலி என்ற 15ஆம் நூற்றாண்டுப் பாதிரியாரைக் கற்பனையில் படைத்து, அவர் பெயரில் கவிதைகள் எழுதினார். செயின்ட் மேரி ரெட்கிளிஃப் தேவாலயத்துப் பழம்பெட்டிகளில் கிடைத்தவை என்று சொல்லி ஊர்ப் பெரியவர்களிடம் கொடுத்தார், அவர்களும் நம்பினார்கள். அந்தப் போலியை இன்று நீங்களே சோதித்துப் பார்க்கலாம்.

முதலில் சரியான பதிப்பு வேண்டும். சாசர் ஆய்வாளர் தாமஸ் டிர்விட் 1777இல் வெளியிட்டதையோ அதன் மறுபதிப்பையோ எடுங்கள். மொழியறிஞர் ஸ்கீட்டின் 1871 பதிப்பில் எழுத்துக்கூட்டல் நவீனமாக்கப்பட்டிருக்கிறது. அதிலுள்ள ஆராய்ச்சிக் கட்டுரையைப் படிக்க அது நல்லது, சோதனைக்கு உதவாது.

அடுத்தது சொற்சோதனை. இதற்குத்தான் அதிக நேரம் ஒதுக்க வேண்டும். ஒரு பக்கத்திலிருந்து புரியாத பத்துச் சொற்களைக் குறித்துக்கொண்டு, கெர்சியின் 1708 அகராதியிலும் பெய்லியின் அகராதியிலும் தேடுங்கள். பல சொற்கள் சாட்டர்டன் தந்த அடிக்குறிப்பில் உள்ள அதே பொருளோடு அங்கே இருக்கும். 'ஆறுதல்' என்ற பொருளில் வரும் 'செரிசானெய்' முக்கியமான தடயம். சரியான பழைய வடிவம் 'செரிசான்ஸ்'. அகராதியில் புகுந்த பிழை அப்படியே கவிதைக்கு வந்துவிட்டது. மூலத்தைப் படித்தவருக்கு இது நேராது. பிறகு அந்தப் பழஞ்சொற்களை எடுத்துவிட்டு 18ஆம் நூற்றாண்டுச் சொற்களைப் போடுங்கள். பெரும்பாலும் அசை குலையாது. சமகால ஆங்கிலத்தில் யோசித்து, மேலே பழமையைப் பூசியிருக்கிறார்.

இலக்கணத்தில் வினைச்சொற்களைப் பாருங்கள். பன்மைக்குரிய பழைய '-என்' விகுதி ஒருமை எழுவாயோடு வருகிறதா? டிர்விட் 1778இல் சேர்த்த பின்னிணைப்பில் இதைத்தான் பிடித்தார். சொல்லிறுதியில் வரும் 'e' எழுத்து ஒலிக்கிறதா என்று 14ஆம் நூற்றாண்டுக் கவிஞர் சாசரோடு ஒப்பிடுவதும் வழக்கம். ஆனால் அதை மட்டும் நம்பினால் தவறிவிடுவீர்கள்: ரௌலியின் காலமாகச் சொல்லப்படும் 1460களில் அந்த ஒலி பேச்சிலிருந்து ஏற்கெனவே மறைந்திருந்தது.

யாப்பு இன்னும் உறுதியான சான்று. பத்தடிச் செய்யுள், கடைசி அடி மட்டும் ஆறு சீராக நீள்வது: 1590இல் கவிஞர் ஸ்பென்சர் அச்சேற்றிய வடிவத்தின் சாயல் இது.

உள்ளடக்கத்தை வைத்து மட்டும் முடிவுகட்ட வேண்டாம். ரௌலியின் புரவலராக வரும் வில்லியம் கேனிங் நிஜ மனிதர், பிரிஸ்டல் மேயர். உண்மைப் பெயர்களைச் சுற்றிப் பொய்யைப் பின்னியதால்தான் 1768இல் பழைய பாலத் திறப்பு விழாக் கட்டுரையும் வார இதழில் சிரமமின்றி அச்சேறியது.

தோலேட்டைக் கடைசியில் பாருங்கள். மஞ்சள் காவி தேய்த்தல், மெழுகுவர்த்திச் சுடரில் காட்டுதல், தரையில் போட்டுத் தேய்த்தல் ஆகியவை அவர் கையாண்டதாகச் சொல்லப்படும் முறைகள். தோல் உண்மையிலேயே பழையதாக இருக்கலாம், தேவாலயத்துப் பத்திரங்களின் துண்டுகள் அவருக்குக் கிடைத்தன. ஆகவே தோலின் வயது எழுத்தின் வயதைச் சொல்லாது. பல கவிதைகளுக்குத் தோலேடே கிடையாது, சாட்டர்டன் கைப்பட எழுதிய பிரதி மட்டும்தான்.